சிவப்பு மைக்காரியும் பென்சில்காரரும்

விருதுநகர்
14.7.2009

அன்புள்ள தம்பி சாதிக் பாட்சாவுக்கு,

அக்கா பீவி ஜான் எழுதுவது. அஸ்ஸலாமு அலைக்கும். நீயும் வீட்டில் எல்லோரும் சுகம்தானே என்று கேட்பது முறை. எட்டு வருடமாகக் கேட்காதவள் இன்று கேட்கிறாளே என்று நீ நினைப்பாய். நினைத்துக்கொள்.

எனக்கு இடது கண்ணில் புரை எடுத்து ஒரு மாதம் ஆகிறது. நேற்றுவரை வாசிக்கக் கூடாது என்று டாக்டர் தடை போட்டிருந்தார். மாடியில் குடியிருக்கும் முத்துச்செல்விக்கு சிவகாசியில் காலண்டர் அச்சடிக்கும் கம்பெனியில் வேலை. சாயங்காலம் லேப்டாப்போடு இறங்கி வந்து எதையாவது வாசித்துக் காட்டுவாள். ஒரு நாள் இணையத்தில் பழைய புத்தகம் விற்கும் பக்கத்தைத் திறந்து, "பீவியம்மா, இதக் கேளுங்க. மர்மப் புத்தகமாம். அட்டை இல்ல, பேர் தெரியாது, எழுதுனது யாருன்னும் தெரியாது. ஓரத்துல ரெண்டு பேர் சண்ட போட்டு எழுதியிருக்காகளாம்" என்றாள். "வாங்கு" என்றேன். விற்கிறவர் யார், எந்த ஊர், ஒன்றும் கேட்கவில்லை. கத்தரிக்காயையே நாலு தடவை புரட்டிப் பார்த்து வாங்குகிறவள் நான்.

லண்டனிலிருந்து வரும் என்று நினைத்தேன். சிவகாசிப் பக்கத்து நாரணாபுரத்திலிருந்து வந்தது. துப்பறியும் நாவல். எங்கோ கேட்ட கதை போலத்தான் இருந்தது, ஆனால் துப்பறியும் கதை எல்லாமே அப்படித்தானே. கதையைவிட ஓரம்தான் ருசி. சிவப்பு மையில் ஒருத்தி, "இந்த மழையில் இவன் சட்டை ஏன் நனையவில்லை?", "பிணம் கிடக்கும் வீட்டில் காபி குடிப்பார்களா?" என்று பக்கத்துக்குப் பக்கம் குடைந்திருக்கிறாள். கீழே பென்சிலில் ஒருவர், "கதைதானே, விடு" என்கிறார். நான் பென்சில்காரர் கட்சி. "இவளோடு அந்த மனுஷன் எப்படித்தான் குடித்தனம் நடத்தினாரோ" என்று பரிதாபப்பட்டேன். "எனக்கு இந்தச் செவப்பு மையத் தெரிஞ்ச மாதிரி இருக்கு பீவியம்மா" என்றாள் முத்துச்செல்வி. "உனக்கு எம்புட்டுப் பேரைத் தெரியும்? வாசி" என்றேன். நூற்றுப்பன்னிரண்டாம் பக்கத்தில் பென்சில்காரர் எழுதியிருந்தார்: "பீவி, போதும். பசிக்கிறது."

முத்துச்செல்வி புத்தகத்தை மூடி மடியில் வைத்துக்கொண்டாள். பார்சலில் இருந்த நம்பருக்குப் போன் போடச் சொன்னேன். எடுத்தவர் ஒச்சப்பன், வெடி சுற்றப் பழைய தாள் வாங்கிக் கொடுக்கிறவர். "விருதுநகர்ல ஒரு அம்மா மூட்டையாப் போட்டாக. எட சரியில்லன்னு தராச மூணு தடவ மாத்தச் சொன்னாக, மறக்க முடியுமா? மொதப் பதினாறு பக்கமும் கடைசி நாலு பக்கமும் வெடிக்குப் போயிருச்சு. மிச்சத்தக் கிழிக்கப் போகையில செவப்பு மையப் படிச்சுச் சிரிச்சேன், கிழிக்க மனசு வரல. இப்ப என் மகதான் கம்ப்யூட்டர்ல போட்டுச்சு. அந்த அம்மா இன்னும் இருக்காகளா?" என்றார். "இருக்கிறாள்" என்று சொல்லிப் போனை வைத்தேன்.

தம்பி, உன் மச்சான் மதுரை ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, பார்க்க வரும் சொந்தக்காரர்கள் வீடு குப்பை என்று சொல்லிவிடக் கூடாதே என்று பழைய தாளையெல்லாம் மூட்டை கட்டிப் போட்டவள் நான். அவர் கடைசியாக வாசித்த புத்தகத்தைச் சொல்லாமல் எடுத்துப் போனவன் என் தம்பிதான் என்று, நாற்பதாம் நாள் பாத்திஹாவில் ஊர் கேட்கச் சொன்னவளும் நான். நீ பாதிச் சோற்றில் எழுந்து போனாய். அதன் பிறகு இந்தப் படி ஏறவில்லை. நாவலில் கொலைகாரன் யாரென்று இனித் தெரியாது, அவன் நாரணாபுரத்தில் வெடித்துவிட்டான். இந்த வழக்கில் மட்டும் குற்றவாளி அகப்பட்டுவிட்டாள்.

புத்தகத்தை இத்துடன் அனுப்புகிறேன். எட்டு வருடம் அதற்கான தண்டனையை அனுபவித்தவன் நீ, அது உன்னுடையதுதான். நோன்புப் பெருநாளைக்கு எல்லோரையும் கூட்டிக்கொண்டு வா. அல்லாஹ் உங்களுக்கு நிறைந்த ஆயுளும் பரக்கத்தும் தரட்டும்.

உன் அக்கா,
பீவி ஜான்

பி.கு.: பார்சல் கட்டி முடித்த பிறகு பிரித்துவிட்டேன். புத்தகம் இங்கேதான் இருக்கிறது. நீ வந்து, என் முன்னால் உட்கார்ந்து வாசி. போகும்போது சொல்லாமல் எடுத்துக்கொண்டு போய்விடாதே.