உறுப்புக்கு வலிக்காது

மனித குலம் இதுவரை கண்டுபிடித்தவற்றுள் தலைசிறந்தது கூட்டுறவு. நெருப்பும் சக்கரமும் அதற்குப் பின்னால் வரிசையில் நின்று டோக்கன் வாங்கிக்கொள்ள வேண்டியவை. அந்த மகத்தான தத்துவத்தைக் காப்பாற்றும் பொறுப்பை அரசு என்னிடம் ஒப்படைத்து ஏழு மாதமாகிறது. என் பதவியின் பெயர் ‘தனி அலுவலர்’. கூட்டுறவு வங்கிக்குத் தனி ஆள் எதற்கு என்று விவரமில்லாத சிலர் கேட்டார்கள். கூட்டம் சேர்ந்தால் சத்தம் வருகிறது, அதற்காகத்தான்.

முன்பு இந்த வங்கிக்கு ஒரு நிர்வாகக் குழு இருந்தது. உறுப்பினர்கள் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்த பதினோரு பேர். வங்கியின் கட்டடத்தைப் ‘பொது நலன்’ கருதி எடுத்துக்கொள்வதாக அரசு முடிவெடுத்தது. ‘கொடுக்க மாட்டோம்’ என்று குழு தீர்மானம் போட்டது. மறுநாளே குழு கலைக்கப்பட்டது, அதுவும் பொது நலன் கருதித்தான். அந்தப் பதினோரு பேரின் வேலையையும் இப்போது நான் ஒருவனே பார்க்கிறேன். கூட்டம் பத்து மணிக்குச் சரியாகத் தொடங்குகிறது. விவாதம் கண்ணியமாக நடக்கிறது. இதுவரை எல்லாத் தீர்மானங்களும் ஒருமனதாக நிறைவேறியிருக்கின்றன.

சென்ற வாரம் ஒரு தையல்காரம்மா வந்தார். கழுத்தில் அளவு நாடா, கையில் நான்காக மடித்த மனு.

“தம்பி, இந்தக் கட்டடத்துக்கு நாங்க செங்கல் சுமந்திருக்கோம். இது போயிட்டா டவுன்ல இருக்கிற பேங்குக்கு ரெண்டு பஸ் மாறிப் போகணும். போயிட்டு வந்தா ஒரு நாள் பொழப்பு போச்சு. அதான் கோர்ட்டுக்குப் போலாம்னு இருக்கேன். நான் இங்க உறுப்பினர்னு ஒரு சீட்டு மட்டும் எழுதிக் குடுங்க.”

எனக்கு இரக்கம் சுரந்தது. அறியாமையைக் கண்டால் எனக்கு எப்போதும் அப்படித்தான்.

“உறுப்பினர்தான், ஒத்துக்கறேன்மா. ஆனா சட்டம் என்ன சொல்லுது? வங்கிங்கிறது ஒரு உடம்பு. நீங்க அதுல ஒரு உறுப்பு. அடி விழுந்தா உடம்புதான் கத்தணும். உறுப்பு தனியா கத்தக் கூடாது.”

“கால்ல முள்ளு குத்துனா காலுக்குத்தானே தம்பி வலிக்குது?”

“வலிக்கலாம். கத்துறது வாய்தானே? கால் கத்திப் பாத்திருக்கீங்களா?”

அவர் தம் காலைக் குனிந்து பார்த்தார். சொல்கிறவர் சொன்னால் சட்ட நுணுக்கம் யாருக்கும் விளங்கும்.

“அப்ப வாய் யாரு?”

“நிர்வாகக் குழு.”

“அதைத்தான் கலைச்சிட்டாங்களே.”

“அதனால இப்போதைக்கு வாய் நான்.”

அவர் யோசித்தார். யோசிக்கும் உறுப்பினர் கூட்டுறவுக்கு ஆபத்து. அவருடைய உறுப்பினர் எண்ணைத் தனியே குறித்துக்கொண்டேன்.

“உறுப்பினரே வேணாம்னு எழுதிக் குடுத்துட்டா? அப்ப தனி ஆளா கேஸ் போடலாமில்ல?”

“தாராளமா எழுதிக் குடுங்க. அப்புறம் நீங்க வெளியாள். வெளியாளுக்கு இந்த வங்கியில என்ன வேலைன்னு ஜட்ஜ் கேப்பாரு.”

“உள்ள இருந்தா பேசக் கூடாது. வெளிய போனா கேக்கக் கூடாது.”

“இப்பத்தான் சட்டம் உங்களுக்குப் பிடிபடுது.”

“சரி தம்பி. வாய் நீங்கதானே? எங்க எல்லாருக்கும் சேத்து நீங்களே ஒரு கேஸ் போடுங்க.”

நியாயமான கோரிக்கை. நியாயத்தைப் புறக்கணிக்கும் பழக்கம் எனக்கில்லை. அவரை வெளியே பெஞ்சில் உட்காரச் சொல்லிவிட்டு அவசரக் கூட்டம் கூட்டினேன். நானே வரவேற்றேன், நானே தலைமை தாங்கினேன். அரசின் முடிவை எதிர்த்து வழக்குத் தொடரலாமா என்று என்னைக் கேட்டேன். பாதிக்கப்பட்டவர் எவரேனும் உண்டா என்று அறை முழுவதும் பார்த்தேன். ஒருவரும் இல்லை. கோரிக்கை ஒருமனதாகத் தள்ளுபடியானது.

தீர்மானத்தை வெளியே வந்து நிறுத்தி நிதானமாக வாசித்துக் காட்டினேன். அவர் அழுவார் என்று எதிர்பார்த்தேன். அழவில்லை.

“அரசாங்கத்துக்கு இந்தக் கட்டடம் எதுக்காம்?”

“ஒரு அதிகாரி குடியிருக்க.”

“எந்த அதிகாரி?”

கூட்டம் முடிந்துவிட்டதால் அந்தக் கேள்வி ஏற்கப்படவில்லை.

ஆனால் அரசின் சட்ட அறிவை நான் பாராட்டாமல் இருக்க முடியாது. தன் முடிவை எதிர்த்து வழக்குப் போடத் தகுதியுள்ளவன் ஒரே ஒருவன்தான் என்று சரியாகக் கண்டுபிடித்து, அந்தக் கட்டடத்தை அவனுக்கே வீடாக ஒதுக்கியிருக்கிறது.