ஒன்பது மணி பஸ்

என் மச்சினன் நவநீதன் முசிறியில் புது வீடு கட்டிவிட்டான். ஞாயிற்றுக்கிழமை மதியம் விருந்து. போனால் ஒவ்வொரு ஸ்விட்சாகப் போட்டுக் காட்டுவான். போவதில்லை என்று முடிவெடுத்தேன்.

என் மனைவி பானுமதிக்கு ஒரே வகைத் திகில் படம்தான் பிடிக்கும். விபத்தில் சாக வேண்டியவர்கள் எப்படியோ தப்பிவிடுவார்கள். சாவு விடாது; ஒவ்வொருவராகத் தேடிவந்து எடுத்துக்கொள்ளும்.

"இதுல என்ன சுகம் உனக்கு?" என்று ஒருமுறை கேட்டேன்.

"நிஜத்துல எப்ப வரும்னு தெரியாது. அங்க வரிசை தப்பாம வரும். பார்க்க நிம்மதியா இருக்குங்க."

அந்த நிம்மதியில்தான் கை வைத்தேன். ஞாயிறு காலை முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு சொன்னேன்: "பானு, ஒரு கனவு. நாம போற ஒன்பது மணி பஸ் லாரியில மோதுது."

என்னை உற்றுப் பார்த்தாள். "அப்ப போக வேணாங்க."

வெற்றி. பாலக்கரை வீட்டுக் கட்டிலில் காலை நீட்டினேன்.

பத்து மணிக்கு அவள் போனோடு வந்து நின்றாள். குரல் இறங்கியிருந்தது. "அந்த பஸ் குணசீலத்துக்கிட்ட மோதிடுச்சாம். லாரிதான்."

எழுந்து உட்கார்ந்தேன். நான் கனவே காணவில்லையே. சொன்ன பொய் எப்படி நடக்கும்? அந்த நேரம் பார்த்துக் கரண்ட் போனது. தெருவில் ஒரு சத்தம் இல்லை. நின்றுபோன மின்விசிறி, யாரோ தொட்டுவிட்ட மாதிரி, இன்னொரு சுற்று சுற்றியது. குளியலறையில் கண்ணாடி தானாக விழுந்து உடைந்தது.

"தப்பிச்சவங்களை அது விடாதுங்க" என்றாள் பானு, மெதுவாக.

"வழியே இல்லையா?"

"ஒண்ணு இருக்கு. விட்ட பயணத்தை முடிச்சுடணும்."

சத்திரம் பேருந்து நிலையத்துக்கு அவளை இழுத்துக்கொண்டு ஓடியவன் நான்தான். காவேரிப் பாலத்தில் எதிரே வந்த லாரியெல்லாம் என்னையே பார்த்து வந்தன. குணசீலத்தில் எட்டிப் பார்த்தேன். சாலையில் ஒரு கண்ணாடித் துண்டுகூட இல்லை.

"அதுக்குள்ள கூட்டிட்டாங்க போல" என்றாள்.

முசிறியில் பதினாறு ஸ்விட்சையும் பார்த்து முடித்து, இலை முன் உட்கார்ந்ததும் நவநீதனிடம் கேட்டேன்: "ஒன்பது மணி பஸ்ல யாருக்கும் அடி இல்லையே?"

"அடியா? எங்க சித்தி அதுலதான் வந்தாங்க மாமா. ஜன்னலோர சீட்டாம்."

பானுமதியைத் திரும்பிப் பார்த்தேன். அவள் என் இலையில் பாயசத்தை ஊற்றிக்கொண்டே சொன்னாள்:

"நீங்க காணாத கனவுலதாங்க மோதுச்சு."