சத்தம் போடாத சண்டை

"சம்பல் எங்கையப்பா?" என்று பல்லைக் கடித்தார் சபாரத்தினம்.

"அரைக்கத்தானே போறன்! அதுக்குள்ள வடையைத் தூக்கிக்கொண்டு ஓடச் சொன்னது ஆர்?" என்று சீறினாள் மனைவி நகுலேஸ்வரி.

லண்டன் ஹரோவில் இருந்த அந்த வீட்டின் முன்னறையில் மாப்பிள்ளையின் தாய் தகப்பன் இருந்தார்கள். தரகர் சொன்ன நேரத்துக்கு முன்பே வாசலில் தமிழ் முகங்களைக் கண்டதும், கையைப் பிடித்து உள்ளே இழுத்து வந்தவர் சபாரத்தினம்தான். மாப்பிள்ளைப் பெடியன் பார்க்கிங் தேடித் திரிகிறானாக்கும். வந்தவர்கள் வாயில் ஏதும் போடமுன் விசயம் கேட்பது மரியாதையா?

போன சம்பந்தம் இவர்கள் இருவரும் பிடித்த சண்டையைக் கேட்டுத்தான் குழம்பியது. "இந்தமுறையும் உங்கட சத்தம் கேட்டால் நான் கலியாணமே கட்டமாட்டன்" என்று சொல்லிவிட்டுத்தான் மகள் றூபினி சேலை உடுக்க மேலே போயிருந்தாள். ஒரே மகள். ஆனாலும் கோபம் கேட்டுக்கொண்டா வருகிறது?

"விடியவே அரைக்கச் சொன்னன்!"

"தேங்காயை மத்தியானம் கொண்டுவந்து தந்தது நானே?"

"மெல்லக் கதை, அவைக்குக் கேக்கும்!"

"முதல் நீங்கள் மெல்லக் கதையுங்கோ!"

சமையலறைக் கதவைச் சாத்தினார். போதவில்லை. சண்டையை அமுக்க மிக்ஸியைத் தட்டிவிட்டார்.

பாவி மனுசன், மூடி போடவில்லை. தேங்காய்ப்பூவும் செத்தல் மிளகாயும் கூரைவரை பறந்தன. பாதி அவருடைய கண்ணுக்குள். ஐயோ என்று கத்தவும் ஏலாது. வாயைப் பொத்திக்கொண்டு குதித்தார்.

நகுலேஸ்வரி மூடியை அமத்திப் போட்டாள், மிக்ஸியை நிறுத்தவில்லை. இரைச்சலில் ஒருவர் பேச்சு மற்றவருக்குக் கேட்கவில்லை. அவர் விரலை நீட்டினார். அவள் அகப்பையை நீட்டினாள். அவர் தன் தலையில் அடித்தார். அவளும் அவர் தலையில் அடித்தாள். அவர் எறிந்த வடை யன்னல் கண்ணாடியில் பட்டு விழுந்தது. பிறகு இருவரும் சம்பலில் வழுக்கி, ஒருவர் மயிரை ஒருவர் பிடித்தபடி நிலத்தில் இருந்தார்கள்.

கதவு திறந்தது. முன்னறையில் இருந்த அம்மா வந்து மிக்ஸியை நிறுத்தினாள்.

"குறை நினையாதேங்கோ அண்ணை, நாங்கள் பக்கத்து வீடு விலைக்கு வருதெண்டு பாக்க வந்த ஆக்கள், வாய் திறக்க விடாமல் வடையைத் தந்திட்டியள். பெல் அடிச்சுக் களைச்சு, இவ்வளவு நேரமும் இந்த யன்னலுக்கு வெளியில பழத்தட்டோட நிண்டு பாக்கினமே, அவை ஆர்?"