ஐந்து நிமிடம் முந்திக்கொண்ட சைரன்

உலகத்துக்கு நேரம் கிரீன்விச்சில் நிர்ணயமாகிறது என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிக் கொடுத்திருப்பார்கள். திருத்திக்கொள்ள வேண்டும். சென்ற ஆயுத பூஜையிலிருந்து அது எண்ணூர் நெடுஞ்சாலையில், பவளக்கரை கெமிக்கல்ஸின் இரண்டாம் மாடியில், மக்கள் தொடர்பு அதிகாரி பக்தவச்சலத்தின் மேஜைமேல் நிர்ணயமாகி வருகிறது.

கருவியின் திருநாமம் 'கால-கதை ஒத்திசைவி'. பார்வைக்கு டேபிள் டாப் கிரைண்டர் மாதிரி இருக்கும். பூஜைக்கு வைத்த சந்தனப் பொட்டு இன்னும் அழியவில்லை. மற்ற நிறுவனங்களில் ஒன்று நடக்கிறது. பிறகு அதற்கு ஒரு கதை எழுதுகிறார்கள். கதையும் கடிகாரமும் ஒத்துப்போகாமல் மாட்டிக்கொள்கிறார்கள். காட்டுமிராண்டித்தனம். இங்கே அறிக்கையைப் பெட்டிக்குள் செருகினால் போதும். 'டிங்' என்று ஒரு சத்தம். சுவர்க் கடிகாரம், கேமரா, வருகைப்பதிவு எந்திரம், வாட்ச்மேனின் நோட்டு எல்லாம் அறிக்கைக்கு ஏற்றபடி நேரத்தை மாற்றிக்கொண்டுவிடும்.

சோதனை ஓட்டத்தில் 'எமது ஆலையில் ஒரு நிமிடமும் வீணாவதில்லை' என்று எழுதிச் செருகினார் பக்தவச்சலம். அன்று சாப்பாட்டு இடைவேளை காணாமல் போயிற்று. கேரியரைத் திறந்தவர்கள் திறந்த கையோடு மூடிவிட்டு வேலைக்குத் திரும்பினார்கள். நிர்வாகம் அவருக்குச் சால்வை போர்த்தியது.

பக்தவச்சலத்துக்கு ஐம்பத்து நாலு வயது. தம்மை இலக்கியவாதி என்றே நினைத்திருந்தார். ஆலையின் ஆண்டுமலரும் அதை மறுக்கவில்லை. இருபத்திரண்டு வருடமாக அவருடைய அறிக்கைகள் எல்லாம் ஒரே வரியில்தான் முடியும்: 'பொதுமக்கள் அச்சப்படத் தேவையில்லை.' அந்த வரியின் ஓசை அவருக்கே அத்தனை பிடிக்கும். வீட்டில் பால் பொங்கி அடுப்பு அணைந்தபோதுகூட மனைவியிடம் அதைத்தான் சொன்னார்.

ஒரு செவ்வாய்க்கிழமை, பிற்பகல் மூன்று பத்துக்குப் பின்சுவர் ஓரத்துக் குழாய் கசிந்தது. வாடை கிளம்பிற்று. சைரனை அழுத்த மூன்று அதிகாரிகளின் எழுத்துபூர்வமான ஒப்புதல் வேண்டும். மூவரும் 'பாதுகாப்பு வார' ஓவியப் போட்டியில் முதல் பரிசு யாருக்கு என்று விவாதித்துக்கொண்டிருந்தார்கள். ஒப்பந்தக் கூலிக்குக் கூட்டிப் பெருக்கும் கெங்கம்மா துடைப்பத்தைப் போட்டுவிட்டு ஓடினாள். மூன்று பன்னிரண்டுக்குச் சைரனை அழுத்தினாள். பின்தெரு சனம் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு கடற்கரைப் பக்கம் ஓடியது. கண் எரிந்தது, இருமல் வந்தது, உயிர் போகவில்லை.

துணைத் தலைவர் இக்னேஷியஸ் மாடிப்படிகளை இரண்டிரண்டாகத் தாண்டி வந்தார்.

"பக்தா, கசிஞ்ச பிறகு சைரன் அடிச்சா அது விபத்து. கசியறதுக்கு முன்னாடியே அடிச்சிருந்தா?"

"தொலைநோக்கு, சார்."

"எழுதுங்க."

அறிக்கை இழுப்பறையில் தயாராகவே இருந்தது. தேதியைப் போட்டு, 'கசிவுக்கு ஐந்து நிமிடம் முன்னதாகவே சைரன் ஒலிக்கச் செய்யப்பட்டது' என்ற வாக்கியத்தைச் சேர்த்துச் செருகினார். டிங். சைரன் மூன்று ஐந்துக்குப் போய் உட்கார்ந்துகொண்டது. பத்தே நிமிடத்தில் பத்திரிகைகளுக்கு அறிக்கை போன வேகத்தை எல்லோரும் வியந்தார்கள். மைசூர்பாகு வழங்கப்பட்டது.

மறுநாள் விசாரணைக் குழு வந்தது. அதன் தலைவர் ராமசுப்பு கேமராப் பதிவைப் பார்த்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"குழாய் கசியப்போவுதுன்னு அந்தம்மாவுக்கு அஞ்சு நிமிஷம் முன்னாடியே எப்படித் தெரியும்?"

யாருக்கும் பதில் தெரியவில்லை. ஆகவே, சதி. கெங்கம்மாவின் கேட் பாஸைப் பிடுங்கினார்கள். வெள்ளிக்கிழமை காலை பதினோரு மணிக்குப் போலீசில் புகார் என்று ஏகமனதாகத் தீர்மானம் நிறைவேறிற்று.

வியாழக்கிழமை மாலை, பஸ் ஸ்டாப்பில் நின்ற பக்தவச்சலத்தைக் கெங்கம்மா மடக்கினாள்.

"இன்னா சார், நான் பைப்பை ஒட்ச்சேனாமே?"

"நான் அப்படி எழுதலையேம்மா. உன்னைப் பாராட்டித்தான்..."

"இன்னா பாராட்டு? 'உங்கம்மாவைப் போலீசு புடிக்கப் போவுதாமே'ன்னு எம் பொண்ணை ஸ்கூலாண்ட கேக்குறாங்கோ. வாடை வந்துச்சி, அமுக்கினேன். மூக்கு கீறவன் எவனா இருந்தாலும் அமுக்குவான்."

"ஒரு ஒப்புதல் வாங்கியிருக்கலாம்."

"அத்த வாங்கினு வர்றதுக்குள்ள தெருவே பாடையில போயிருக்கும். நீ கதை எழுதினு போ சார், வேணாங்கல. என் நேரத்தை ஏன் தூக்கினு போனே? குடுத்துடு."

எழுதியதைப் பாராட்டியவர்கள் உண்டு. படிக்காதவர்கள் நிறைய உண்டு. திருப்பிக் கேட்டவர் இதுவரை ஒருவரும் இல்லை. பக்தவச்சலம் அன்று மூன்று பஸ்களை விட்டார்.

வெள்ளி காலை பத்து ஐம்பது. பக்தவச்சலத்தின் அறையிலேயே குழு கூடியிருந்தது. கையெழுத்துக்காகக் கெங்கம்மாவையும் கூட்டி வந்திருந்தார்கள். பக்தவச்சலம் ஒரு தாளைப் பெட்டிக்குள் செருகினார்: 'மூன்று பத்துக்குக் குழாய் கசிந்தது. மூன்று பன்னிரண்டுக்குக் கெங்கம்மா சைரனை அழுத்தினாள்.' அவ்வளவுதான். அடைமொழி இல்லாமல் அவர் எழுதிய முதல் உரைநடை. இக்னேஷியஸ் பிளக்கைப் பிடுங்கப் பாய்வதற்குள் டிங்.

சைரன் மூன்று பன்னிரண்டுக்குத் திரும்பியது. ராமசுப்பு கேமராப் பதிவை இரண்டு முறை பார்த்தார். புகாரைக் கிழித்தார். கேட் பாஸைக் கெங்கம்மாவிடம் கொடுத்தார். பக்தவச்சலத்தின் நெஞ்சு விம்மிற்று. இன்னொரு சால்வையை அவர் எதிர்பார்த்தார் என்றும் சொல்லலாம்.

பெட்டி நிற்கவில்லை. டிங், டிங், டிங். உள்ளே உண்மை போய்விட்டால் ஆலையில் உள்ள ஒவ்வொரு தாளும் தன் சொந்த நேரத்துக்குத் திரும்பிவிடும் என்று கையேட்டின் கடைசிப் பக்கத்தில் போட்டிருந்ததாம். கடைசிப் பக்கம்வரை யார் படிக்கிறார்கள்? மேஜைமேல் கிடந்த அறிக்கையிலிருந்து 'தொலைநோக்கு' வாக்கியம் மறைந்தது. தலைப்பில் இருந்த தேதி பின்னால் ஓட ஆரம்பித்து, போன வருஷம் மார்ச் நான்கில் மூச்சு வாங்கி நின்றது.

ராமசுப்பு அதை எடுத்து வாசித்தார். "'பின்சுவர் ஓரக் குழாயில் ஏற்பட்ட சிறு கசிவு உடனடியாகச் சரிசெய்யப்பட்டது.' போன வருஷமா?"

இக்னேஷியஸ் மின்விசிறியைப் பார்த்தார். அது அவருக்கு உதவவில்லை.

"அன்னிக்குத்தான் சார் நான் மனு குடுத்தேன்," என்றாள் கெங்கம்மா, பக்தவச்சலத்தைக் காட்டி. "பைப்பு துருப்புடிச்சி உதிருது, வந்து பாருங்கோன்னு. இவருதான் கையில வாங்கினாரு."

உண்மை. மனுவைப் படித்த பக்தவச்சலம் நிலைமையின் தீவிரத்தை அக்கணமே உணர்ந்து, டீகூடக் குடிக்காமல், அன்று மாலைக்குள் அறிக்கையை எழுதி முடித்திருந்தார். தேதிக்கு மட்டும் இடம் விட்டிருந்தார்.

கெங்கம்மா அவர் முகத்தையே பார்த்தாள்.

"அஞ்சு நிமிசம் முன்னாடி தெரிஞ்ச எனக்குப் போலீசுன்னீங்கோ. ஒரு வருசம் முன்னாடி தெரிஞ்ச ஒனக்கு இன்னா சார்?"

அறை மொத்தமும் அவர் பக்கம் திரும்பியது. பக்தவச்சலம் வாயைத் திறந்தார். இருபத்திரண்டு வருடப் பழக்கம், அவரைக் கேட்காமலே வெளியே வந்தது.

"பொதுமக்கள் அச்சப்படத் தேவையில்லை."