மரக் கிளிப்பின் நூற்றியொரு பயன்கள்

ஒரு நாடு முன்னேற வேண்டுமானால் முதலில் அதன் வீடுகள் முன்னேற வேண்டும். வீடுகள் முன்னேற வேண்டுமானால் அதற்கென்று ஓர் அலுவலகம் வேண்டும். அந்த அலுவலகத்தில்தான் நான் குமாஸ்தா. இல்லப் பொருள் மேம்பாட்டுத் துறை, இரண்டாவது மாடி, தண்ணீர் வராத குழாய்க்கு எதிர் அறை.

எங்கள் மேலதிகாரிக்கு நாங்கள் வைத்த பெயர் 'ஐடியா சார்'. ஒரு திங்கட்கிழமை காலையில் அவர் துணிக்கு மாட்டுகிற மரக் கிளிப் ஒன்றைக் கையில் தூக்கிப் பிடித்துக்கொண்டு உள்ளே வந்தார்.

"பிஸ்கட் பாக்கெட் வாயில இதை மாட்டிட்டா நமுத்தே போகாதாம்யா! என் சம்சாரம் போன்ல வீடியோ பார்த்துக் கத்துக்கிட்டா."

அவ்வளவுதான், ஆரம்பித்துவிட்டது. பற்பசையைப் பிதுக்க ஒரு கிளிப், ஆணி அடிக்கும்போது விரல் நசுங்காமல் ஆணியைப் பிடிக்க ஒரு கிளிப், சார்ஜர் ஒயரைச் சுருட்டி வைக்க ஒன்று என்று ஊரே கிளிப்பும் கையுமாக அலைந்தது. பெண்கள் சாயம் பூசிக் காதில் மாட்டிக்கொண்டார்கள். என் மனைவி ஒருபடி மேலே போய், நான் தூங்கும்போது குறட்டை விடுகிறேன் என்று என் மூக்கிலேயே மாட்டிவிட்டாள். மூச்சுத் திணறி எழுந்து உட்கார்ந்தால், "பார்த்தீங்களா, குறட்டை நின்னுடுச்சு" என்கிறாள்!

மக்களின் இந்தப் பேரார்வத்தைக் கருத்தில் கொண்டு, அங்கீகரிக்கப்பட்ட நூற்றியொரு பயன்களின் பட்டியலைத் தயாரிக்கும்படி ஐடியா சார் எனக்கு உத்தரவிட்டார். எழுதிக்கொண்டு போனேன். முதல் வரியிலேயே அவர் விரல் நின்றது.

"இது என்னய்யா?"

"துணி காயப்போடறது சார்."

"அது எல்லாருக்கும் தெரிஞ்சதுதானே. இதுல என்ன புதுமை?"

"புதுமை ஒண்ணும் இல்ல சார். ஆனா கிளிப்பே அதுக்காகத்தானே..."

"நீ பழைய பஞ்சாங்கமாவே இருந்துடுய்யா. அடி அதை."

அடித்தேன். எண்ணிக்கை குறையக்கூடாதே என்று அந்த இடத்தில் குறட்டையைப் போட்டு நிரப்பினேன். எங்கள் ஆணை எதுவானாலும் அடியில் ஒரு வரி வருவது வழக்கம். கைப்பழக்கத்தில் அதையும் தட்டச்சு செய்துவிட்டேன்: "மேற்படி பட்டியலில் இடம்பெறாத எதுவும் முறைகேடாகக் கருதப்பட்டு உரிய நடவடிக்கை எடுக்கப்படும்."

ஆணை வெளியான மறுநாளே சோதனைப் படை கிளம்பியது. அலுவலகத்துக்குப் பின்சந்தில் சலவை செய்யும் அக்காதான் முதலில் மாட்டினாள். கையும் களவுமாக, அதாவது ஈரத் துணியும் கிளிப்புமாக. புதன்கிழமை காலை அவள் என் மேஜை முன்னால் வந்து நின்றாள்.

"தம்பி, இருநூறு கிளிப்பையும் மூட்டை கட்டி எடுத்துட்டு வந்துட்டாங்க. ஆஸ்பத்திரி விரிப்பு நூறு ஈரமாக் கிடக்கு. சனிக்கிழமை குடுக்கலேன்னா வேலை வேற ஆளுக்குப் போயிடும். நானும் என் பொண்ணும் இதை வெச்சுத்தான் சாப்பிடறோம்."

என் கைவரிசைதானே எல்லாம். அவளை ஐடியா சாரிடம் கூட்டிக்கொண்டு போனேன்.

"கிளிப்பை எதுக்கும்மா பயன்படுத்தினீங்க?"

"துணி காயப்போடத்தான் சார்."

"பார்த்தியா, அவங்களே ஒத்துக்கறாங்க!" என்று என்னிடம் சந்தோஷமாகச் சொன்னார்.

"வேற எதுக்கு சார் துணிக் கிளிப்பு?"

"நூத்தியொரு வழி இருக்கும்மா. வீட்ல பிஸ்கட் பாக்கெட் இல்லையா?"

"இருநூறு பாக்கெட்டுக்கு நான் எங்க சார் போவேன்?"

இதற்குமேல் விட்டால் அழுதுவிடுவாள் என்று நான் குறுக்கே புகுந்தேன். "சார், இதை நூத்தி ரெண்டாவது பயனா சேர்த்துடலாமே? கண்டுபிடிச்சது நீங்கன்னு போட்டுடலாம்."

ஐடியா சார் முகம் மலர்ந்தது. வியாழக்கிழமையே பாராட்டு விழா. எங்கள் அலுவலகத்தில் எது தாமதமானாலும் அது மட்டும் தாமதமாகாது. மேடையில் ஒரு கயிற்றைக் கட்டி, நனைத்த கைக்குட்டையை அதில் போட்டு, ஐடியா சார் கிளிப்பை மாட்டினார். கைக்குட்டை விழவில்லை! அரங்கமே எழுந்து நின்று கைதட்டியது. வீட்டில் தினமும் துணி காயப்போடுகிறவர்கள்தான் எல்லாரும். பலமாகத் தட்டியது நான். அக்காவுக்கு விடிவு வந்துவிட்டதே என்ற நிம்மதியில்தான் தட்டினேன், சத்தியமாக.

ஆனால் புதிய கண்டுபிடிப்பைப் பயிற்சி இல்லாதவர்கள் கையாண்டு விபத்து நேர்ந்தால் யார் பொறுப்பு? ஆகவே சான்றிதழ் அவசியம் என்றார்கள். கையேடு எழுதும் பணியும் என் தலையில் விழுந்தது. ஒரு துணிக்கு இரண்டு கிளிப் என்று ராவோடு ராவாக எழுதினேன். வெள்ளிக்கிழமை தேர்வு.

அக்கா பத்து விரிப்பைக் கண்மூடித் திறப்பதற்குள் மாட்டிவிட்டாள். ஒரு விரிப்பின் ஓரத்தை அடுத்த விரிப்பின் ஓரத்தோடு சேர்த்து, இரண்டுக்கும் பொதுவாக ஒரே கிளிப். இருபது வருஷமாக அவள் அப்படித்தான் செய்கிறாள். மொத்தம் பதினொரு கிளிப்தான் ஆனது.

"ஒன்பது குறையுது. தேர்ச்சி இல்லை," என்றார் ஐடியா சார்.

"அடிக்கிற காத்துல ஒண்ணுகூட விழலையே சார்!"

"விழுந்தாலும் பரவாயில்லம்மா. கையேட்டுல சொன்னபடி மாட்டி விழணும்."

அக்கா என்னைப் பார்த்தாள். நான் கையேட்டைப் பார்த்தேன். பிறகு சாட்சிக் கையெழுத்துப் போட்டேன். வெட்கமாகத்தான் இருந்தது, இருந்தாலும் போட்டேன்.

சான்றிதழ் இல்லாதவர்களுக்கு இனி வேலை இல்லை என்று ஆஸ்பத்திரி சொல்லிவிட்டது. ஊரில் சான்றிதழ் உள்ளவர்கள் இரண்டே பேர்: கண்டுபிடித்தவர், கையேடு எழுதியவர். எனவே துறையே உலர்த்தும் மைதானம் ஒன்றைத் தொடங்கியது. நான் முதுநிலை உலர்த்தல் அலுவலர். அக்கா துவைத்துக் கொடுக்கும் தற்காலிக உதவியாளர். அன்றிலிருந்து என்னைத் தம்பி என்று கூப்பிடுவதை அவள் நிறுத்திவிட்டாள்.

அதோடு முடிந்ததா? மைதானத்தில் காய்ந்த துணிக்குக் காலரில் நீல முத்திரை குத்தித் தருகிறோம். அது இல்லாத சட்டை போட்டால் இப்போது மரியாதை இல்லையாம். ஊரே மூட்டை மூட்டையாகத் துணியைக் கொண்டுவந்து கொட்டுகிறது.

நேற்று மத்தியானம் வானம் திடீரென்று கறுத்தது.

"சார், மழை வருது. எடுத்துடலாம்."

"இருங்கக்கா." கையேட்டைப் புரட்டினேன். "காயப்போடறதுக்குத்தான் இதுல விதி இருக்கு. எடுக்கறதுக்கு இல்லையே."

"கையால இழுத்தா வந்துடும் சார்!"

அது எனக்கும் தெரியும். ஆனால் நான் இப்போது முதுநிலை அலுவலர். விளக்கம் கோரி ஐடியா சாருக்குக் குறிப்பு எழுத உட்கார்ந்தேன். இரண்டாவது பத்தி எழுதும்போது மழை கொட்டியது. அக்கா காத்திருக்கவில்லை. "நோயாளிங்க படுக்கறது சார்!" என்று கத்திக்கொண்டே ஓடி, ஆஸ்பத்திரி விரிப்புகளை மட்டும் உருவி அள்ளிக்கொண்டு கூரைக்கு அடியில் போனாள். அனுமதியின்றி அகற்றியதற்கு அவளிடம் விளக்கம் கேட்டு இன்று காலை நோட்டீஸ் கொடுத்திருக்கிறேன்.

உங்கள் சட்டையா? குறிப்புக்குப் பதில் இன்னும் வரவில்லை, மழையும் விடவில்லை; அது அங்கேயேதான் நனைந்துகொண்டிருக்கிறது. என்னை முறைத்து என்ன ஆகப்போகிறது? முத்திரை வேண்டும் என்று வரிசையில் இடித்துக்கொண்டு நின்றது நீங்கள்தானே.