மணியனின் பிஸ்டலும் என் பட்டாளப் பெருமையும்

பிஸ்டல் சிக்கிக்கொண்டது. அதுவும் ஊர் பார்க்க, என் கையில்.

மணியன் கொச்சி மட்டாஞ்சேரியில் மிளகு வியாபாரி. நம்ம தமிழாள். லைசென்ஸ் உள்ள பழைய பிஸ்டல் ஒன்று வைத்திருக்கிறார், அவர் அப்பாவுடையது. தேர்தலுக்காக போலீஸ் ஸ்டேஷனில் கொடுத்துவைத்ததைத் திரும்ப வாங்கிக்கொண்டு நேரே என் வீட்டுக்கு வந்தார்.

"அண்ணா, நீங்க பட்டாளக்காரர். இது ஒழுங்கா சுடுமா, நம்பலாமான்னு பார்த்துச் சொல்லுங்கோ. நீங்க ஆகாதுன்னா ஸ்டேஷன்லயே திருப்பிக் கொடுத்துடறேன். அப்பாவோடது, மனசு வரலை."

நான் பட்டாளத்தில் ஓட்டியது லாரி. ஆனால் இந்த பஜாரில் பட்டாளம் என்றால் துப்பாக்கிதான். திருத்த எனக்குப் பொறுமையில்லை.

"வெச்சுட்டு உக்காருங்க" என்றேன்.

பிஸ்டலின் மேலே முன்னும் பின்னும் நகரும் ஸ்லைடை இழுத்தால் கரகரவென்றது. எண்ணெய் போட வேண்டும். துப்பாக்கி எண்ணெய் ஆர்டர் செய்தால் மூன்று நாள் ஆகுமாம். மூன்று நாளா! வீட்டில் இருந்த எண்ணெயைத் தாராளமாக விட்டேன். ஸ்லைடு வழுக்கிக்கொண்டு ஓடியது.

"பார்த்தீங்களா?"

"அண்ணான்னா அண்ணாதான்!"

மறுநாள் எறணாகுளத்தில் ஒரு சுடும் பயிற்சிக் கூடத்துக்குப் போனோம். உள்ளே ஏசி போட்டு ஐஸ் பெட்டி மாதிரி வைத்திருந்தார்கள். ஜின்ஸி என்ற பெண்தான் அங்கே கோச். நின்று, குறி வைத்து, சுட்டேன்.

ஒன்று வெடித்தது. அடுத்த தோட்டா பாதியில் நின்றது. ஸ்லைடு முன்னால் வர மறுத்தது.

"தோட்டா மட்டம்" என்றேன்.

தோட்டா மாற்றினார்கள். சிக்கியது.

"மேகஸின் ஸ்பிரிங் போச்சு."

தோட்டா அடைக்கும் மேகஸினையும் மாற்றினார்கள். அதுவும் சிக்கியது!

ஜின்ஸி மெல்லச் சொன்னாள்: "அங்கிளே, கை தளர்ந்தா இப்படித்தான் ஜாம் ஆகும். கொஞ்சம் இறுக்கிப் பிடிக்கணும்."

"என் கையா? இந்தக் கை லடாக்கில் ஸ்டியரிங் பிடிச்ச கை!"

"ஸ்டியரிங்கா?" என்றார் மணியன்.

இருமினேன்.

தோட்டாவை எல்லாம் எடுத்துவிட்டு வெளிவாசல் பெஞ்சுக்குப் போனோம். நல்ல வெயில். கொஞ்ச நேரம் வைத்துவிட்டு ஸ்லைடை இழுத்தால் வெண்ணெய் போல ஓடுகிறது! உள்ளே கொண்டுபோனேன். முதல் தோட்டா போனது. இரண்டாவதில் இறுகிவிட்டது. திரும்பவும் வெளியே. ஓடுகிறது!

"அண்ணா, இதுக்குக் கூச்சமோ என்னமோ" என்றார் மணியன். பிறகு பெருமூச்சு விட்டார். "வேண்டாம். நம்ப முடியலை. கொடுத்துடறேன்."

பிஸ்டலைத் துணியில் சுற்ற ஆரம்பித்தார். அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. அப்போதுதான் என் போன் அடித்தது. மனைவி மீனாட்சி. ஸ்பீக்கரில் போட்டால்தான் எனக்குக் காது கேட்கும்.

"ஏன்னா, தேங்காயெண்ணெய்க் குப்பியை எங்கே வெச்சேள்? தலைக்குத் தேய்ச்சுக்கத் தேடறேன்!"

"மேஜைக்கு அடியில் இருக்கு. துப்பாக்கிக்குப் போட்டேன்."

 எங்கள் பின்னாலேயே வந்திருந்த ஜின்ஸி, மணியன் கையிலிருந்த பிஸ்டலை மோந்து பார்த்தாள்.

"அந்தச் சுடற இடத்திலே ஏசி உண்டா?" என்றாள் மனைவி.

"உண்டு."

"நம்ம பெட்ரூம் ஏசியிலே குப்பி கல்லாட்டம் உறைஞ்சு, நான் தினமும் வெயில்லே வெச்சு எடுக்கறேனே, பார்த்ததில்லையா? துடைச்சுட்டு நல்ல எண்ணெய் போடச் சொல்லுங்கோ. ஃபோனை வைக்கறேன்."

ஜின்ஸி பிஸ்டலை உள்ளே எடுத்துப்போய்க் கழற்றினாள். ஸ்லைடு ஓடும் தடமெல்லாம் வெள்ளை வெளேரென்று உறைந்திருந்தது.

"அங்கிளே, இதுல மீனே வறுக்கலாம்."

துடைத்தாள். துப்பாக்கி எண்ணெய் தொட்டு வைத்தாள். மணியன் சுட்டார். மேகஸின் காலியாகும்வரை தடங்கலே இல்லை. மனிதர் குறி அட்டையைக்கூடப் பார்க்கவில்லை. அப்பாவின் பிஸ்டலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

வரும் வழியெல்லாம் மணியன் இதையே பேசினார். பஜாரிலும் பேசியிருக்கிறார்.

இப்போது யாராவது பிஸ்டலைச் சரிசெய்தது யார் என்று கேட்டால், பட்டாளக்காரர் என்று அவர் சொல்வதில்லை. "மீனாட்சி மாமி" என்கிறார்.