எல்போ மேல் ஊருக்கு என்ன பொறாமை?

அந்த மாதம் தெருவில் பாதிப் பேர் காதில் பஞ்சோடு திரிந்தார்கள். பஞ்சு இல்லாதவர்கள் எல்லாம் இன்னும் டோக்கன் கிடைக்காதவர்கள்.

சைக்கிள் கடைக்கு மேலே காலியாகக் கிடந்த அறையில் செவிச் சித்தர் வந்து அமர்ந்திருந்தார். காலை ஆறு மணிக்கே படிக்கட்டு நிரம்பிவிடும். ஏழு மணிக்கு வருகிறவர்கள், ஆறு மணிக்கு வந்தவர்களின் சொந்தக்காரர்களாக மாறிவிடுவார்கள்.

சித்தரின் சித்தாந்தம் எளிமையானது. காதுவலி, அடைப்பு, சீழ், இரைச்சல் எல்லாவற்றுக்கும் காரணம் அடுத்தவர் பேச்சு. யாராவது வயிற்றெரிச்சலோடு உங்களைப் பற்றிப் பேசினால், அந்தப் பேச்சு காற்றிலே வந்து உங்கள் காதுக்குள் தங்கி மஞ்சள் களிம்பாக உறைந்துவிடும். அதை வெளியே இழுக்க அவரிடம் ஒரு திரி இருந்தது. மெழுகில் தோய்த்த துணியை நடுவே ஓட்டை விட்டு, முழ நீளத்துக்குச் சுருட்டியது. ஆளைப் படுக்கவைத்து, ஒரு முனையைக் காதில் செருகி, மறுமுனையில் தீ வைப்பார். முக்கால்வாசி எரிந்ததும் அணைத்து, மிச்சத் துண்டைக் கத்தரியால் பிளந்து வெள்ளைத் தட்டில் காட்டுவார். உள்ளே மஞ்சளாக, கொழகொழவென்று, அடுத்தவர் பேச்சு!

இதில் ஒரு வேடிக்கை என்னவென்றால், யாரும் அருவருப்படையவில்லை. பெருமைப்பட்டார்கள். களிம்பு அதிகம் என்றால் பொறாமை அதிகம். பொறாமை அதிகம் என்றால் நாம் பெரிய ஆள். மாடிவீட்டு அக்காவுக்கு இரண்டு விரற்கடை வந்தது. அவர் அதை ஒரு டப்பாவில் வாங்கிக்கொண்டு வந்து வீடு வீடாகக் காட்டினார். அவர் கணவருக்கு அரை விரற்கடைதான். மனிதர் இரண்டு நாள் யாரிடமும் முகம் கொடுத்துப் பேசவில்லை.

இந்தத் தெருவில்தான் பிளம்பர் குடியிருந்தார். கெட்டிக்காரத் தொழிலாளி. குழாய் போட்டால் அழுத்தம் கொடுத்து, ஒரு நாள் முழுக்க விட்டு, கசிவு இல்லை என்று கண்ணால் பார்த்த பிறகுதான் சிமெண்ட் பூசுவார். வீட்டுக்காரர் அவசரப்பட்டால், "பாக்காம பூசறதுக்கு வேற ஆளப் பாருங்க" என்று பையைத் தூக்கிவிடுவார்.

அவருடைய ஏழு வயது மகளுக்குச் சளி பிடித்து, மூன்றாம் நாள் காய்ச்சலும் இடது காதில் வலியுமாக மாறியது. பாப்பா காதைப் பிடித்துக்கொண்டு சுருண்டு கிடந்தாள்.

"டாக்டர்கிட்ட போலாங்க," என்றாள் மனைவி. வீட்டிலேயே தையல் தைப்பவள். ஊசியில் நூல் கோக்கிற அதே சாவதானத்தோடு பேசுவாள்.

"அதான் மேல சித்தர் இருக்காரே."

"நீங்களுமா?"

"ஏம்மா, நல்லா யோசிச்சுப் பாரு. தொட்டி அடைச்சா நான் என்ன பண்றேன்? ரப்பர் பம்ப வச்சு உறிஞ்சறேன்ல? அதே வேலதான். தீ எரியுது, சூடு மேல போகுது, கீழ இருக்கறத இழுக்குது. நம்ம தொழில்தான்மா அது!"

மற்றவர்கள் பக்தியால் ஏமாந்தார்கள். நம் ஆள் தொழில் அறிவால் ஏமாந்தார். என்ன இருந்தாலும் விவரம் தெரிந்து ஏமாறுவதில் ஒரு கௌரவம் இருக்கிறது.

அங்கே மூன்று திரிகளாகத்தான் விற்பார்கள். முதலாவது எரிந்தது. விரற்கடை களிம்பு வந்தது. "பச்சப் புள்ள மேல இவ்வளவு பொறாமையா!" என்று படிக்கட்டே உச்சுக்கொட்டியது. மறுநாள் காலை தலையணையில் சீழ். வலியும் காய்ச்சலும் போயே போச்சு.

பிளம்பர் துள்ளிக் குதிக்காத குறை. "பாத்தியா? இழுத்துட்டாரு!"

சித்தர் கண்ணை மூடி அருளினார். "வேர் உள்ள இருக்கு. இன்னும் ரெண்டு திரி, அமாவாசைக்கு அப்புறம். நடுவுல சொட்டு மருந்து விட்டீங்கன்னா பேச்சு உள்ளயே கட்டிப்போயிரும். அப்புறம் நான் பொறுப்பில்ல."

வலி போனது. சத்தமும் கூடவே போய்விட்டது. பாப்பா டிவிக்கு ஒட்டி உட்கார்ந்தாள். இடப்பக்கமிருந்து கூப்பிட்டால் திரும்பவில்லை. "கவனமே இல்லை" என்று பள்ளிக்கூடத்திலிருந்து சீட்டு வந்தது. பிறகு ஒரு சாயங்காலம், கடைக்குப் போகையில், இடப்பக்கமிருந்து ஒரு வேன் ஹாரன் அடித்துக்கொண்டே வந்தது. தெருவே திரும்பிப் பார்த்தது, பாப்பாவைத் தவிர. அம்மா சட்டையைப் பிடித்து இழுத்த வேகத்தில் இரண்டு பட்டன்கள் தெறித்தன.

அவள் வீட்டுக்கு வந்து பட்டனைத் தைக்கவில்லை. "கெளம்புங்க," என்றாள். ஒரே சொல். பிளம்பர் கிளம்பினார்.

காது டாக்டரம்மா ஒரு மெல்லிய கருவியைக் காதுக்குள் விட்டு, உள்ளே இருப்பதைத் திரையில் காட்டினார். சிவந்த ஒரு சவ்வு. நடுவே குண்டூசித் துளை.

"இதுதான் செவிப்பறை. மூடின சுவர் மாதிரி. தண்ணியும் சீழும் இதுக்குப் பின்னாடி கட்டியிருந்துது. தாங்க முடியாம சவ்வு தானா ஓட்ட போட்டுக்கிட்டு வெளிய வந்திருக்கு. அதான் வலி போச்சு."

"சித்தர் உறிஞ்சி எடுத்தாருங்களே..."

"சுவருக்கு இந்தப் பக்கம் நின்னுக்கிட்டு அந்தப் பக்கத்துத் தண்ணிய எப்படிங்க உறிஞ்சறது?"

பிளம்பர் திரைக்கு அருகே குனிந்து துளையைப் பார்த்தார். "அங்க தண்ணி ஏன் கட்டுச்சு?"

"நடுக்காதிலேருந்து மூக்குக்குப் பின்பக்கம் சின்னக் குழாய் ஒண்ணு போகுது. சளி பிடிச்சா அது வீங்கி அடைச்சுக்கும். உள்ள காத்து போகாது."

"காத்துக் குழா அடைச்சா தண்ணி எறங்காது!" என்று பிளம்பர் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார். "டேங்க்குக்கு மேல விடுவோமே, அதான் இது!"

"அதேதான். மருந்து தரேன். காதுல தண்ணி படக் கூடாது. ஓட்ட பெரும்பாலும் தானா மூடிக்கும். கேக்கறது திரும்புதான்னு பாத்துக்கிட்டே இருக்கணும். முன்னாடியே வந்திருக்கலாம்." கடைசி வாக்கியத்தைச் சொல்லும்போது டாக்டரம்மா அவரைப் பார்க்கவில்லை. மனைவி பார்த்தாள்.

"அப்ப அந்த மஞ்சக் களிம்பு எங்கேருந்துங்க வந்துது?"

"எரிச்சவரக் கேளுங்க."

பிளம்பர் யாரையும் கேட்கவில்லை. வீட்டில் இரண்டு திரிகள் மிச்சம் இருந்தன. மறுநாள் மத்தியானம் ஒன்றை எடுத்தார். கண்ணாடி மாதிரி தெரியும் டியூப்பை வளைத்து, நீலம் கலந்த தண்ணீர் ஊற்றி, பேனாவால் கோடு போட்டு, ஒரு முனையில் திரியை இறுக்கிப் பற்றவைத்தார். ஊரார் குழாய்க்கெல்லாம் செய்கிற சோதனை. தன் மகளுக்கு மட்டும் செய்யாமல் விட்ட சோதனை. திரி எரிந்து முடிந்தது. தண்ணீர் கோட்டை விட்டு ஒரு நூல் அளவுகூட ஏறவில்லை.

மனைவி துணி வெட்டும் கத்தரியால் துண்டைப் பிளந்தாள். உள்ளே மஞ்சளாக, கொழகொழவென்று!

"மெழுகுங்க," என்றாள். "உருகி உள்ள வழிஞ்ச மெழுகு. கரி கலந்து நிக்குது."

பிளம்பர் எழுந்து குழாய்க் கடைக்குப் போனார்.

மறுநாள் காலை இருவரும் படிக்கட்டு ஏறினார்கள். மூன்றாவது திரி கையில். அறை நிறையக் கூட்டம். மாடிவீட்டு அக்கா இரண்டாம் முறையாக வந்து, முதல் வரிசையில் இருந்தார்.

"எங்க பாப்பா?" என்றார் சித்தர்.

"வரலீங்க. இன்னைக்கி இவருக்குப் பாக்கணும்." பிளம்பர் பையிலிருந்து குழாய் வளைகிற இடத்தில் போடும் புத்தம் புதிய பித்தளை எல்போ ஒன்றை எடுத்தார். பிளாஸ்டிக் உறையை எல்லார் முன்னாலும் கிழித்தார். ஒரு பக்கத்தை மூடி போட்டுத் திருகினார். மறுபக்கம் திரியைச் செருகி, சித்தர் எழுவதற்குள் பற்றவைத்துவிட்டார்.

"தெய்வக் குத்தம்! அணைங்க!"

"முக்கால்வாசி எரியட்டுங்க சாமி. உங்க கணக்குதான்."

கூட்டம் எக்கிப் பார்த்தது. மனைவி பிளந்து தட்டில் வைத்தாள். மூன்று விரற்கடை.

சித்தர்தான் முதலில் சுதாரித்தார். "அந்தக் கொழாயப் பத்தியும் யாரோ வயித்தெரிச்சலோட பேசியிருக்காங்க!"

"நேத்துதான் கடையில வாங்குனேன். உறையக்கூட இங்கதான் கிழிச்சேன். யாருங்க பேசுனது?"

"அதுக்குக் காதுதான் எங்க இருக்கு?" என்றாள் மனைவி.

இதெல்லாம் கூட்டத்தை அவ்வளவாக அசைக்கவில்லை. தர்க்கம் கேட்டு மனம் மாறுகிற கூட்டமா அது? அசைத்தது மாடிவீட்டு அக்கா. அவர் தட்டையே உற்றுப் பார்த்து, விரலை வைத்து அளந்து, மெல்ல எழுந்தார்.

"ஏன் சாமி, எனக்கு ரெண்டு. இதுக்கு மூணா? என்னவிட இந்த எல்போ மேல ஊருக்குப் பொறாமையா?"

"அம்மா, அது வந்து..."

"என்ன வந்து? என் வீட்டுக்காரருக்கு அரைன்னு சொல்லி ரெண்டு நாள் மனுஷன் பேசவே இல்ல! அவரு இந்தப் பித்தளைத் துண்டுக்கும் கேவலமா?"

அவ்வளவுதான். ஆளாளுக்குத் தங்கள் திரியை எடுத்து டம்ளரில், பாட்டிலில், சைக்கிள் பம்பில் செருகிப் பற்றவைத்தார்கள். எல்லாவற்றிலும் மஞ்சள் வந்தது. புகைமூட்டத்தில் சித்தர் எந்தப் பக்கமாக இறங்கினார் என்று யாரும் கவனிக்கவில்லை. சைக்கிள் கடைக்காரர் மட்டும், ஒரு சைக்கிள் குறைகிறது என்று சொன்னார்.

ஆறு வாரம் மருந்தும் பரிசோதனையுமாகப் போனது. பிளம்பர் தினமும் பாப்பாவின் இடப்பக்கம் நின்று மெதுவாகக் கூப்பிட்டுப் பார்ப்பார். திரும்ப மாட்டாள். அவர் முகத்தைப் பார்க்க நமக்கே சங்கடமாக இருக்கும். ஒருநாள் சமையலறையில் மனைவியிடம் கிசுகிசுத்தார்: "பாப்பாவுக்கு சைக்கிள் வாங்கித் தரலாமா? இப்பவே சொல்லிடாத."

"சிவப்புக் கலர்ப்பா!" என்று பக்கத்து அறையில், வலது காதைத் தலையணையில் புதைத்துப் படுத்திருந்த பாப்பாவின் குரல் வந்தது.

பிளம்பர் குழாயைத் திறந்து முகத்தைக் கழுவினார். நெடுநேரம் கழுவினார்.

கதை இத்தோடு முடிந்திருக்கலாம். ஆனால் நம் ஜனங்கள் விடுவார்களா? அடுத்த நாள் காலை ஆறு மணிக்கு அவர் வாசலில் வரிசை. முதல் ஆளாக மாடிவீட்டு அக்கா.

"தம்பி, உனக்குக் கைராசி. அந்த எல்போவ ஒரே ஒரு தடவ என் காதுல வச்சு எடேன்."

பிளம்பர் வரிசையை ஒருமுறை முழுசாகப் பார்த்தார்.

"அக்கா, காதுல அடைப்புன்னா டாக்டரம்மா எடுத்துருவாங்க. குழாயில அடைப்புன்னா நான் எடுத்துருவேன். காதுக்கு மேல இருக்கற அடைப்ப மட்டும் அவங்கவங்கதான் எடுத்துக்கணும்."